வில்லுப்பாட்டில் ஆர்ஃபியஸ் கதை: கிரேக்கப் பாதாளத்தை மேடையேற்றும் முறை

கிரேக்கப் புராணத்தில் செத்தவர்கள் போய்ச் சேரும் உலகத்தை ஒரு முழு வில்லுப்பாட்டாகப் பாட முடியும். நம் குமரி மாவட்டத்தில் நூலக வார விழா (நவம்பர் 14 முதல் 20 வரை), பள்ளி கல்லூரி ஆண்டு விழா, வாசகர் வட்டக் கூட்டம் என்று புதுக் கதை கேட்கும் மேடைகள் உண்டு. அவற்றுக்கு ஏற்ற 100 நிமிடப் பாட்டைக் கட்டும் முறையைக் கீழே சொல்லியிருக்கிறோம். வில் பிடித்துப் பழகியவர்களுக்கு வில்லைப் பற்றிச் சொல்ல வேண்டியது குறைவு. கதையைப் பற்றிச் சொல்ல வேண்டியதுதான் அதிகம்.

கோயில் கொடை விழாவில் மட்டும் இதைப் பாடாதீர்கள். கொடையில் வில் பாடுவது அந்தப் பீடத்துச் சாமியின் கதையைச் சொல்லி, சாமியாடிக்கு அருள் வரவழைக்க. சுடலைமாடனுக்கோ இசக்கிக்கோ உரிய நேரத்தில் அயல்நாட்டுக் கதையை நுழைத்தால் கேட்கிறவர்கள் மனம் கோணும், கதைக்கும் நியாயம் கிடைக்காது. கொடை முடிந்த மறுநாள் கலைநிகழ்ச்சி மேடை இருந்தால், ஊர் வகைக்காரர்களிடம் கேட்டுவிட்டு அங்கே பாடலாம்.

எந்தக் காலத்துப் பாதாளம்?

பாட்டு எழுத உட்காரும் முன் இதை முடிவு செய்ய வேண்டும். கிரேக்கப் பாதாளம் ஒரே வரைபடம் அல்ல. எழுநூறு எண்ணூறு ஆண்டுகளில் அது மூன்று நான்கு முறை மாறியிருக்கிறது. இந்த அடுக்குகளை ஒன்றோடொன்று குழப்புவதுதான் பெரும்பாலான மேடைகளில் நடக்கும் கோளாறு.

ஹோமரின் ‘ஒடிசி’ பதினோராம் பாடலில் செத்தவர்கள் வெறும் நிழல்கள். நல்லவர் கெட்டவர் என்ற பிரிவு அங்கே பெரிதாக இல்லை. ஒடிசியஸ் உலகத்தைச் சுற்றி ஓடும் ஓகியானோஸ் ஆற்றின் ஓரத்துக்குப் போகிறான். முழ நீளம், முழ அகலத்தில் ஒரு குழி வெட்டுகிறான். முதலில் பால் கலந்த தேன், அடுத்து இனிப்பான திராட்சை மது, மூன்றாவதாகத் தண்ணீர் ஊற்றுகிறான். மேலே வெள்ளை பார்லி மாவு தூவி, ஆட்டுக்கடாவையும் கறுப்புப் பெண்ணாட்டையும் வெட்டுகிறான். இரத்தம் குடித்த பிறகுதான் நிழல்களுக்குப் பேச்சு வருகிறது. தாயை மூன்று முறை கட்டிப்பிடிக்கப் பார்க்கிறான், மூன்று முறையும் கைக்குள் ஒன்றும் இல்லை. இங்கே பெரும் வீரன் அக்கிலீஸ், செத்தவர்களுக்கெல்லாம் ராஜாவாக இருப்பதைவிட நிலமில்லாத ஏழை ஒருவனிடம் கூலிக்கு வேலை பார்ப்பது மேல் என்கிறான். இந்தப் பாதாளத்தில் தோணிக்காரர் கிடையாது.

பிளேட்டோ காலத்தில் நிலைமை வேறு. ‘கோர்கியாஸ்’ உரையாடலில் மினோஸ், ரடமாந்திஸ், ஏயாகஸ் என்ற மூன்று நீதிபதிகள் உயிர்களை உடையில்லாமல் நிறுத்தி விசாரிக்கிறார்கள். ‘குடியரசு’ நூலின் கடைசியில் வரும் ஏர் என்பவனின் கதையில் மறுபிறவியே வந்துவிடுகிறது: உயிர்கள் அடுத்த பிறவியைத் தாங்களே தேர்ந்தெடுத்து, மறதி ஆற்றுத் தண்ணீரைக் குடித்துவிட்டுப் பிறக்கின்றன.

கடைசி அடுக்கு ரோமானியக் கவிகளுடையது. வர்ஜில், ஒவிட் இருவரும் கிரேக்கக் கதைகளை லத்தீனில் பாடியவர்கள். தோணி, மூன்று தலை நாய், சக்கரத்தில் கட்டப்பட்டவன், கல் உருட்டுகிறவன் என்று இன்று எல்லோர் மனத்திலும் இருக்கும் பாதாளம் பெரும்பாலும் இவர்கள் வரைந்ததுதான்.

வில்லுப்பாட்டுக்கு இந்தக் கடைசி அடுக்கை எடுங்கள். காரணம் ஆர்ஃபியஸ். நரம்புக் கருவி மீட்டிப் பாடுகிற ஒரு பாட்டுக்காரன், பாம்பு கடித்துச் செத்த பெண்டாட்டி யூரிடிசியைத் திரும்பக் கேட்டுப் பாதாளம் இறங்குகிறான். பாட்டாலேயே வழி திறக்கிறான். வில்லடித்துப் பாடும் புலவர் வாயில் இந்தக் கதை உட்காருவதுபோல் வேறெந்தக் கிரேக்கக் கதையும் உட்காராது. அவன் நடந்து போகும் வழியிலேயே பாதாளம் முழுவதையும் காட்டிவிடவும் முடியும்.

மூலம் இரண்டு. வர்ஜில் கி.மு. 29இல் முடித்த ‘ஜார்ஜிக்ஸ்’ நான்காம் பாடல், ஒவிட் கி.பி. 8 வாக்கில் எழுதிய ‘உருமாற்றங்கள்’ பத்தாம் பாடலும் பதினொன்றின் தொடக்கமும். இரண்டுக்கும் வேறுபாடு உண்டு. வர்ஜிலில் தேனீ வளர்க்கும் அரிஸ்டேயஸ் துரத்த, யூரிடிசி ஆற்றங்கரையில் ஓடும்போது புல்லுக்குள் கிடந்த பாம்பை மிதிக்கிறாள். ஒவிடில் துரத்துகிறவன் யாரும் இல்லை. புதுமணப்பெண் தோழிகளோடு புல்வெளியில் நடக்கையில் கணுக்காலில் கடி. பாட்டுக்கு ஒவிடைத் தண்டாக வைத்துக்கொண்டு, வர்ஜிலிலிருந்து தேவையானதைச் சேர்ப்பது நல்லது. துரத்தல் காட்சியைச் சேர்த்தால் அரிஸ்டேயஸ் என்ன ஆனான் என்று கூட்டம் கேட்கும். அது தேனீக்கள் செத்துப் பிழைத்த இன்னொரு முழுக் கதை.

பெயர்களை ஒரே மாதிரி எழுதி, குழுவில் எல்லோருக்கும் ஒரு தாள் கொடுங்கள். உரைநடையில் ஆர்ஃபியஸ், யூரிடிசி, பாதாள அரசர் ஹேடீஸ், அவர் ராணி பெர்செபோனி, தோணிக்காரர் கேரோன், மூன்று தலை நாய் கெர்பெரோஸ். பாட்டில் ஆர்ஃபியஸ் என்பது தாளத்தில் இடறும், ‘ஆர்பியன்’ என்று பாடினால் ஓடும். புலவர் ஒருவிதமாகவும் பக்கப்பாட்டுக்காரர் வேறுவிதமாகவும் சொன்னால், புதுப் பெயர் என்பதால் கேட்கிறவர்கள் இரண்டு ஆட்கள் என்றே எடுத்துக்கொள்வார்கள்.

குழு

புலவர், வலத்தே பாடுகிறவர், இடத்தே பாடுகிறவர், குடம், உடுக்கை, தாளம், கட்டை என்ற வழக்கமான ஏற்பாடு போதும். ஆர்மோனியம் இருந்தால் இருக்கட்டும். ஆர்ஃபியஸின் கருவிக்காக வீணையோ கிடாரோ கொண்டுவர வேண்டாம். அவன் கையில் இருந்தது லைர். ஆமையோட்டில் செய்த, பெரும்பாலும் ஏழு நரம்பு கொண்ட சிறு யாழ். மேடையில் வில்லே அந்த யாழ். புலவர் வீசுகோலை (வில்லடிக்கும் கோலை) நாணில் போடும்போதெல்லாம் ஆர்ஃபியஸ் பாடுகிறான் என்று முதலிலேயே ஒரு வரி சொல்லிவிட்டால் கடைசிவரை கூட்டம் அதை மறக்காது.

குரல்களையும் பிரித்துக்கொள்ளுங்கள். ஆர்ஃபியஸ் புலவர். கேரோனும் ஹேடீஸும் வலத்தே பாடுகிறவர். யூரிடிசியும் பெர்செபோனியும் இடத்தே பாடுகிறவர். பெண் குரல் கிடைத்தால் மிகவும் நல்லது. ஹேடீஸ் பேசும்போது குடம் மட்டும் ஒலிக்கட்டும், அதுவும் மெதுவாக. உடுக்கையை அங்கே தொடவே கூடாது. உடுக்கை ஒலித்தால் நம் ஊர்க் காது சாமி வரப் போகிறது என்று எதிர்பார்க்கும். ஹேடீஸ் ஆவேசப்படும் தெய்வம் அல்ல.

காப்பிலிருந்து நாட்டுவளம் வரை

காப்பும் (கடவுள் வணக்கம்) குருவடியும் (குரு வணக்கம்) உங்கள் குழுவில் எப்போதும் பாடுவதுதான். ஹேடீஸையோ பெர்செபோனியையோ காப்பில் அழைக்க வேண்டாம். கிரேக்கர்களே ஹேடீஸின் பெயரைச் சொல்லத் தயங்கி, செல்வம் தருகிறவர் என்னும் பொருளில் புளூட்டோன் என்று அழைத்தார்கள். அவருக்குக் கோயில்களும் மிகக் குறைவு. குருவடியில் வர்ஜில், ஒவிட் இருவர் பெயரையும் ஒரு வரியில் சேர்ப்பது மரியாதை.

வருபொருள் உரைக்கும்போது கதையை நான்கு வரியில் சொல்லிவிடுங்கள், முடிவை மட்டும் சொல்லாதீர்கள். அவையடக்கத்தில் ஒரு விளக்கம் கட்டாயம் வேண்டும்: “இது எமலோகம் இல்லை. நரகமும் இல்லை. நல்லவர் கெட்டவர் எல்லோரும் போய்ச் சேரும் இடம்.” குமரியில் எந்தக் கூட்டத்திலும் இந்துக்கள், கிறிஸ்தவர்கள், முஸ்லிம்கள் மூவரும் இருப்பார்கள். ஒவ்வொருவர் மனத்திலும் மறுமை பற்றி ஒரு படம் ஏற்கெனவே இருக்கிறது. இதை முதலில் சொல்லாவிட்டால் ஆளுக்கொரு கதை கேட்டுவிட்டுப் போவார்கள்.

நாட்டுவளத்தில் இரண்டு பாட்டு. முதலாவது ஆர்ஃபியஸின் திரேஸ் நாடு: கிரேக்கத்துக்கு வடக்கே, ரோடப்பி மலை, ஹீப்ரஸ், ஸ்டிரைமன் ஆறுகள். அவன் பாடினால் மரங்கள் வேரோடு நகர்ந்து வரும், காட்டு மிருகங்கள் பக்கத்தில் வந்து படுக்கும். இதை உற்சாகமான மெட்டில் ஐந்து நிமிடம் பாடுங்கள். இரண்டாவது பாட்டைப் பின்னால், அவன் பாதாளத்தில் கால் வைக்கும் இடத்தில் வையுங்கள். மெட்டு அதேதான், நடையைப் பாதியாகக் குறைத்து, எல்லாவற்றையும் இல்லை இல்லை என்று பாட வேண்டும்:

பொழுதுமில்லே விடியலில்லே பொன்வெயிலும் அங்கில்லே
உழுதசாலும் விதைநெல்லும் ஊர்க்கோழிக் கூவலில்லே
அழுதகண்ணு நீருமட்டும் ஆறாகிப் போகுதையா
எழுதிவச்ச பேரெல்லாம் எல்லாரும் மறந்தாச்சே

மூன்றாம் வரி கோகிட்டஸ் என்னும் ஓல ஆறு, நான்காம் வரி லீதே என்னும் மறதி ஆறு. மற்ற மூன்று ஸ்டிக்ஸ், துயர ஆறான அக்கெரோன், நெருப்பு ஆறான ஃபிளெகெதான். ஐந்தையும் விரித்துப் பாடினால் கதை நின்றுவிடும். ஸ்டிக்ஸுக்கு மட்டும் ஒரு கிளைக்குறிப்பு சொல்லலாம்: தேவர்கள் சத்தியம் செய்வது அந்தத் தண்ணீர் மேல்தான். பொய்ச் சத்தியம் செய்த தேவன் ஓராண்டு மூச்சுப் பேச்சில்லாமல் கிடப்பான், பிறகு ஒன்பது ஆண்டு மற்றத் தேவர்களோடு பந்தியில் உட்கார முடியாது என்கிறார் பழைய கிரேக்கக் கவி ஹெசியட். தேவர்களுக்கே இந்தக் கதி என்றால் கூட்டம் நிமிர்ந்து உட்காரும்.

தென்முனை வாசல்

ஆர்ஃபியஸ் இறங்கிய வாசல் டைனரான் முனை. கிரேக்கப் பெருநிலத்தின் தென்கோடி அது. மாவீரன் ஹெராக்கிளிஸ் கெர்பெரோஸ் நாயை மேலே இழுத்து வந்ததும் அந்த வழியாகத்தான் என்பார்கள். அங்கே கடல் தெய்வம் பொசைடனுக்குக் கோயில் இருந்தது. கி.பி. இரண்டாம் நூற்றாண்டில் நேரில் போன பாசானியாஸ் என்னும் பயணி, குகையிலிருந்து பூமிக்கு அடியில் போகும் வழி எதுவும் இல்லை என்று எழுதி வைத்திருக்கிறார்.

கடலுக்குள் நீண்ட பாறை முனையைக் குமரிக்காரர்களுக்கு விளக்க வேண்டியதில்லை. “நம்மைப்போலவே அவர்களுக்கும் ஒரு தென்முனை, அதற்கப்பால் கடல்தான்” என்றால் போதும், எல்லோருக்கும் இடம் கண்ணில் வந்துவிடும். அதோடு நிறுத்திக்கொள்ளுங்கள். கன்னியாகுமரியே பாதாள வாசல் என்று உவமை நீண்டுவிடக் கூடாது. அம்மன் தவமிருக்கும் தலத்தைச் சாவோடு சேர்த்துப் பேசினால் முதல் வரிசையில் இருக்கும் பெரியவர்கள் எழுந்து போய்விடுவார்கள். அவர்கள் செய்வது சரியும்கூட.

வள்ளக்காரர் காட்சி

ஒவிட் தன் பாட்டில் ஆர்ஃபியஸை வாசலிலிருந்து நேரே அரசவைக்குக் கொண்டுபோகிறார். மேடைக்கு அது போதாது. வர்ஜிலின் ‘ஈனிட்’ ஆறாம் பாடலில் இருக்கும் கேரோனை இங்கே சேருங்கள். நரைத்துச் சடைபிடித்த தாடி, தீப்பொறி பறக்கும் கண்கள், தோளில் முடிந்த அழுக்குத் துணி, கையில் கழி. வயதானவர், ஆனால் தெய்வக் கிழவர், தளர்ச்சி கிடையாது. அவரிடம் நம் ஊர் மொழியிலேயே பேசலாம்:

“பாட்டா, அக்கரை போவணும்.”

“வாயில காசு இருக்கா?”

“நான் சாவல்லியே பாட்டா.”

“லே மக்கா, செத்தவனுவள ஏத்துத வள்ளம் இது. ஒனக்கு மூச்சு ஓடுது. நீ ஏறுனா பலகை தாங்காது.”

பலகை தாங்காது என்பது வெறும் வேடிக்கைப் பேச்சு அல்ல. ‘ஈனிட்’ நாயகன் ஈனியஸ் உயிரோடு ஏறியபோது அந்தத் தோணி பாரம் தாங்காமல் முனகி, தையல் விட்ட இடத்தில் தண்ணீர் உள்ளே வந்தது என்கிறார் வர்ஜில். இந்த இடத்தில் குடம் அடிப்பவர் மூன்று தட்டுத் தட்டலாம்.

காசு விஷயத்தில் ஒரு எச்சரிக்கை. இணையத்திலும் படங்களிலும் செத்தவர் கண்ணிமை மேல் இரண்டு காசு வைப்பதாகக் காட்டுகிறார்கள். கிரேக்க எழுத்தாளர்கள் சொல்வது வாய்க்குள் ஒரு காசு. அது ஓபல் என்ற சிறு வெள்ளிக்காசு, ஒரு டிராக்மாவில் ஆறில் ஒரு பங்கு. ஏதென்ஸ் ஓபலின் எடை முக்கால் கிராமுக்கும் குறைவு. அரிஸ்டோபனிஸ் கி.மு. 405இல் மேடையேற்றிய நகைச்சுவை நாடகத்தில் மட்டும் தோணிக்கூலி இரண்டு ஓபல் என்று வருகிறது. பாட்டில் ஒரு காசு என்றே பாடுங்கள்.

கரையில் ஏறமுடியாமல் நிற்கும் கூட்டத்தைக் கட்டாயம் காட்ட வேண்டும். கிரேக்கப் பாதாளத்தின் அடிப்படை அங்கேதான் இருக்கிறது. முறையாக அடக்கம் செய்யப்படாதவர்கள் அக்கரை போக முடியாது. வர்ஜில் கணக்குப்படி நூறு ஆண்டு இக்கரையில் அலைய வேண்டும். ஹோமரிலும் கூரையிலிருந்து விழுந்து செத்த, ஒடிசியஸின் தோழன் எல்பினோர் முதல் ஆளாக ஓடி வந்து, “என்னை எரித்துக் கடற்கரையில் மேடு எழுப்பு, நான் வலித்த துடுப்பை அதன் மேல் நட்டு வை” என்று கெஞ்சுகிறான். அவன் செய்த பாவம் என்ன என்று அங்கே யாரும் கேட்கவில்லை. அவனை நினைத்துச் செய்ய வேண்டியதைச் செய்தார்களா என்பதே கேள்வி. ஆடி அமாவாசைக்கு முக்கடல் சங்கமத்தில் நிற்கிறவர்களுக்கு இது சட்டென்று புரியும். ஏதென்ஸிலும் மூன்றாம் நாள், ஒன்பதாம் நாள், முப்பதாம் நாள் என்று சடங்கு இருந்தது. கல்லறையில் தேன், பால், மது, தண்ணீர் ஊற்றினார்கள். இந்தத் தகவலை உரைநடையில் இரண்டு நிமிடம் சொல்லுங்கள். இதைப் பாட்டாக்கினால் கனம் போய்விடும்.

கெர்பெரோஸ் அக்கரையில் இறங்கியதும் வரும், தோணிக்கு முன்னால் அல்ல. ஹெசியட் ஐம்பது தலை என்கிறார், பின்னால் வந்தவர்கள் மூன்று. மூன்றையே பாடுங்கள். அது உள்ளே வருகிறவர்களை விட்டுவிடும், வெளியே போகிறவர்களைத்தான் மறிக்கும். ஈனியஸுக்கு மயக்க மருந்து கலந்த தேன்பண்டம் தேவைப்பட்டது. ஆர்ஃபியஸுக்குப் பாட்டே போதும், மூன்று வாயும் திறந்தபடி நின்றுவிடும். இங்கே நீட்ட வேண்டாம்.

தண்டனை பெற்றவர்கள்

பாதாளத்தில் இருப்பவர்களில் பெரும்பாலோர் வெளிறிய அஸ்ஃபோடல் பூக்கள் நிறைந்த வெளியில் சும்மா நடமாடுகிறார்கள். சித்திரவதை அனுபவிப்பவர்கள் தேவர்களை ஏமாற்றியவர்கள், விருந்தோம்பலைக் கெடுத்தவர்கள், உறவைக் கொன்றவர்கள் என்று ஒரு சிலரே. இதை அழுத்திச் சொல்லாவிட்டால் கூட்டம் எண்ணெய்க் கொப்பரையைத் தேடும்.

ஒவிட் பாட்டில் ஆர்ஃபியஸ் பாடியவுடன் இவர்களெல்லாம் ஒரு நிமிடம் நின்றுவிடுகிறார்கள். டாண்டலஸ் விலகி ஓடும் தண்ணீரைத் தொடரவில்லை. இக்சியானின் சக்கரம் அசையவில்லை. கழுகுகள் டிட்டியஸின் ஈரலைக் கொத்தவில்லை. ஓட்டைக் குடத்தில் தண்ணீர் சுமக்கும் தானாவோஸின் மகள்கள் குடத்தை இறக்கி வைத்தார்கள். சிசிஃபஸ் தான் உருட்டும் கல்லின் மேலேயே உட்கார்ந்து கேட்டான். ஒவ்வொருவருக்கும் ஒரு வரி, ஒவ்வொரு வரி முடிவிலும் ஒரு வாத்தியம் நிற்க வேண்டும்: முதலில் கட்டை, அடுத்து தாளம், அடுத்து உடுக்கை, தானாவோஸின் மகள்களுக்குக் குடம். கடைசியில் வில் மட்டும். ஒத்திகையில் அதிக நேரம் இதற்குத்தான் தேவை. யாராவது பழக்கத்தில் ஒரு தட்டுக் கூடுதலாகப் போட்டுவிட்டால் முழுக் கட்டுமானமும் உடைந்துவிடும்.

சிரிப்புக்கு இடம் வேண்டும் என்றால் சிசிஃபஸ் இருக்கிறான். கொரிந்து அரசன். சாகும் முன் பெண்டாட்டியிடம், என்னை அடக்கம் செய்யாதே என்று சொல்லி வைக்கிறான். கீழே போனதும், “பாருங்கள், என் வீட்டுக்காரி எனக்குச் செய்ய வேண்டியதைச் செய்யவில்லை, போய்க் கண்டித்துவிட்டு வருகிறேன்” என்று அனுமதி வாங்கி மேலே வருகிறான். வந்தவன் திரும்பிப் போகவே இல்லை. கடைசியில் தேவர்களின் தூதர் ஹெர்மீஸ் வந்து இழுத்துப் போகிறார். ஆறு நிமிடக் கிளைக்கதை. வலத்தே இடத்தே பாடுகிறவர்கள் “ஆமா” போட்டு வளர்த்தால் நன்றாக எடுபடும்.

அரசவை

ஹேடீஸை எமதர்மனாகவோ சாத்தானாகவோ ஆக்காதீர்கள். அவர் ஜீயஸுக்கும் பொசைடனுக்கும் அண்ணன் தம்பி முறை. மூவரும் சீட்டுப் போட்டுப் பங்கு பிரித்தபோது ஜீயஸுக்கு வானம், பொசைடனுக்குக் கடல், இவருக்குப் பாதாளம். உயிர் எடுப்பது இவர் வேலை அல்ல; அதற்குத் தனாடோஸ் இருக்கிறார், உறக்கத்தின் இரட்டைச் சகோதரர். பாவக்கணக்கு பார்க்கும் கணக்குப்பிள்ளையும் அங்கே இல்லை. ஆர்ஃபியஸ் உயிரோடு வந்தவன் என்பதால் மூன்று நீதிபதிகளுக்கும் இந்தக் கதையில் வேலை இல்லை, ஒரு வரியில் கடந்துவிடுங்கள். ஹேடீஸ் வளைந்து கொடுக்காதவர். அதைக் கோபக் குரலில் காட்டினால் தவறிவிடும். அடங்கிய, பதறாத குரல்தான் சரி.

பெர்செபோனியை மறந்துவிட்டால் கதையின் முதுகெலும்பே போய்விடும். அவளும் கீழே கொண்டுவரப்பட்டவள்தான். பூப்பறித்துக்கொண்டிருந்தபோது பூமி பிளந்து ஹேடீஸின் தேர் வந்தது, விளைச்சல் தெய்வமான தாய் டிமீட்டர் தீப்பந்தம் ஏந்தி ஒன்பது நாள் தேடினாள், விளைச்சல் நின்றது. தோவாளைப் பூந்தோட்டங்களைத் தெரிந்த கூட்டத்துக்கு இந்தக் காட்சியை நன்றாகவே விரித்துப் பாடலாம். தாயின் தேடலுக்கு ஒப்பாரி மெட்டு பொருந்தும். மாதுளை முத்து எத்தனை, ஆண்டில் எத்தனை மாதம் கீழே என்பதில் நூலுக்கு நூல் வேறுபாடு: பழைய ஹோமரியப் பாடலில் ஒரு முத்து, ஆண்டில் மூன்றில் ஒரு பங்கு. ஒவிடின் ‘உருமாற்றங்க’ளில் ஏழு முத்து, ஆண்டில் பாதி. நம் தண்டு ஒவிட் என்பதால் ஏழும் பாதியும்.

இதைத் தனிக் கதையாக முன்னால் வைக்காமல், ஆர்ஃபியஸ் ராணியைப் பார்த்துப் பாடும் இடத்தில் வையுங்கள். உங்களையும் சேர்த்து வைத்தது காதல்தானே என்று ஒவிடின் ஆர்ஃபியஸ் கேட்கிறான். அந்தக் கேள்வியிலிருந்து கிளைக்கதைக்குள் போய்த் திரும்பி, விண்ணப்பத்தைப் பாட வேண்டும்:

உள்ளதெல்லாம் உங்ககிட்டே ஒருநாளு வந்துசேரும்
கொள்ளையிட்டுப் போகவல்ல கும்பிட்டுக் கேட்குறேனே
பிள்ளைமுகம் காணுமுன்னே பாம்புதீண்டிப் போனவளைக்
கள்ளமில்லா உயிரதனைக் கடனாகத் தாருமையா

கடன் என்பது ஒவிட் வைத்த வாதம். எல்லோரும் கடைசியில் இங்கேதான் வரப் போகிறோம், அவளும் வயதாகி வருவாள், அதுவரை கொடு என்கிறான். முடியாது என்றால் நானும் திரும்பப் போகவில்லை, இரண்டு சாவையும் சேர்த்து வைத்துக்கொள்ளுங்கள் என்று முடிக்கிறான். இந்த வாதத்தைச் சுருக்கிவிட்டு வெறும் அழுகையாகப் பாடினால் ஹேடீஸ் ஏன் இசைந்தார் என்பது விளங்காது.

யூரிடிசியைக் கூப்பிடுகிறார்கள். புதிதாக வந்த நிழல்களுக்கு நடுவிலிருந்து காயத்தோடு மெதுவாக நடந்து வருகிறாள். இந்த ஒரு விவரத்தை விட்டுவிடாதீர்கள்.

திரும்பிப் பார்த்தல்

நிபந்தனை: மேலே போய்ச் சேரும்வரை ஆர்ஃபியஸ் திரும்பிப் பார்க்கக் கூடாது. வழி செங்குத்து, இருட்டு, சத்தமே இல்லை. அதனால் இங்கே பாட்டும் இருக்கக் கூடாது. உரைநடையில், இடைவெளி விட்டு, மூன்று நிமிடம் சொல்லுங்கள். நாணில் வீசுகோல் படக்கூடாது. அவன் திரும்புகிற இடத்தில் புலவர் ஒரு கையால் வில்லைப் பிடித்து மணிகளை அடக்கட்டும்.

ஏன் திரும்பினான்? வர்ஜில் திடீர்ப் பித்து என்கிறார். ஒவிட், வருகிறாளோ இல்லையோ என்ற பயமும் பார்க்க வேண்டும் என்ற ஆசையும் என்கிறார். யூரிடிசியின் பேச்சும் மாறுகிறது. வர்ஜிலில் அவள் என்னையும் உன்னையும் கெடுத்தது எது என்று கேட்டபடி மறைகிறாள். ஒவிடில் குறையே சொல்லவில்லை. தன்னை நேசித்தான் என்பதைத் தவிர என்ன குறை சொல்ல இருக்கிறது என்கிறார் கவி. அவள் விடைபெறும் ஒரே சொல்லும் அவன் காதில் சரியாக விழவில்லை. ஒவிடை எடுங்கள். இடத்தே பாடுகிறவர் அந்த ஒரு சொல்லை மைக்கை விட்டு விலகிச் சொல்லட்டும். அதன் மேல் அழுகைப் பாட்டு போடாதீர்கள்.

பிளேட்டோவின் ‘விருந்து’ உரையாடலில் ஒரு கடுமையான மாற்று இருக்கிறது: உயிரைக் கொடுக்கத் துணியாமல் உயிரோடு உள்ளே வந்தவன் என்பதால் தேவர்கள் அவனுக்கு வெறும் நிழலைக் காட்டி அனுப்பினார்களாம். கேள்வி நேரத்தில் யாராவது கேட்டால் சொல்லலாம். பாட்டுக்குள் வேண்டாம்.

பிறகு அவன் ஓடிப் போய் மறுபடி வள்ளம் கேட்கிறான். கேரோன் மறுக்கிறார். ஏழு நாள் சோறில்லாமல் கரையில் உட்கார்ந்திருந்தான் என்கிறார் ஒவிட். முதல் காட்சியில் சிரிக்க வைத்த அதே குரல் இங்கே “இல்ல மக்கா” என்று மட்டும் சொன்னால் போதும்.

வாழி பாடுவதற்கு முன் கதையை முடித்தாக வேண்டும். திரேஸ் நாட்டுப் பெண்கள் ஆர்ஃபியஸைக் கிழித்துக் கொன்றார்கள். தலையும் யாழும் ஹீப்ரஸ் ஆற்றில் மிதந்து லெஸ்போஸ் தீவுவரை போயின. குழந்தைகள் இருக்கும் மேடையில் இதை இரண்டு வரிக்கு மேல் விரிக்க வேண்டாம். அதன்பின் அவன் நிழல் கீழே போய் யூரிடிசியைக் கண்டது. சில நேரம் அவள் முன்னே, சில நேரம் அவன் முன்னே, இப்போது திரும்பிப் பார்த்தால் ஒன்றும் ஆகாது. வாழிப் பாட்டை இந்த இடத்திலிருந்தே எடுக்கலாம்: முதலில் அந்த இருவரையும், பிறகு வழக்கம்போல ஊரையும் மழையையும் அவையையும் வாழ்த்துங்கள்.

நேரக் கணக்கு

காப்பு முதல் அவையடக்கம் வரை 12 நிமிடம். திரேஸ் நாட்டுவளமும் கல்யாணமும் 15. கல்யாணத்தில் தீப்பந்தம் எரியாமல் புகைந்த சகுனத்தைச் சேர்க்க மறக்காதீர்கள். பாம்பும் துக்கமும் 10. இறங்குவது, வள்ளம், நாய் 25. தண்டனை பெற்றவர்களும் அரசவையும் 20. திரும்பும் வழி 8. முடிவும் வாழியும் 10.

விழாக்களில் பேச்சாளர்கள் நேரத்தைத் தின்றுவிட்டு, உங்களுக்கு ஒரு மணி நேரம்தான் என்பார்கள். அப்போது முதலில் சிசிஃபஸ் கிளைக்கதையை விடுங்கள். அடுத்து திரேஸ் நாட்டுவளத்தை நான்கு வரியாக்குங்கள். ஆனால் பாதாள நாட்டுவளத்தின் மெட்டு அதிலிருந்து வருவதால் முழுவதும் எடுத்துவிடக் கூடாது. ஐந்து ஆறுகளில் ஸ்டிக்ஸ் குறிப்பு போகலாம். பெர்செபோனியின் கதையை விண்ணப்பத்துக்குள் இரண்டு வரியாகச் சுருக்கலாம். ஆர்ஃபியஸ் கொலையுண்டதை ஒரே வாக்கியத்தில் சொல்லிவிடலாம். வள்ளக்காரர் இரண்டு முறை வருவதில் ஒன்றைக்கூட வெட்டாதீர்கள். முதல் காட்சி இல்லாவிட்டால் இரண்டாவதில் அவர் மறுப்பது யாருக்கும் உறைக்காது.